கிழக்கேகோட்டைச் சிரிப்பு – 9: அப்புக்குட்டனுக்குத் தெரியாதது

1975-இல் வெளிவந்த 'சட்டம்பிக் கல்யாணி' படத்தில் அடூர் பாஸியை ஒட்டிக்கொண்டே ஓர் இளைஞன் வருவான். லட்சுமியும் பிரேம் நசீரும் நடித்த படம், இயக்கம் சசிகுமார். பாஸி அப்போது மலையாளச் சினிமாவின் சிரிப்புக்கு மறுபெயர். அவர் நிற்கும் சட்டகத்தில் இன்னொருவரைக் கவனிக்கப் பார்வையாளருக்கு அவகாசமே இருக்காது. அப்படியும் அந்த 24 வயது இளைஞனைச் சிலர் கவனித்தார்கள். திருவனந்தபுரம் ஜகதியில் பிறந்த ஸ்ரீகுமார் அவர்.

சென்ற இதழில் பாஸியின் கதையை 1990 மார்ச் 29-ஆம் தேதி அவர் மறைந்ததோடு நிறுத்தினோம். அவருக்குப் பின் யார் என்று பல வாசகர்களுக்கு ஆவல் இருக்கும். அந்த நாற்காலியில் உட்கார வேண்டியவர் பதினைந்து ஆண்டுகளுக்கு முன்பே அவர் பக்கத்தில் எடுபிடியாக நின்று வேலையைப் பார்த்துக்கொண்டிருந்தார் என்பதுதான் விடை. தொடரில் இந்த இதழ் முழுவதும் அவருக்கே.

புதிதாகச் சேர்ந்த வாசகர்களுக்காக இதுவரை வந்த வழியை நாலு வரியில் சொல்லிவிடுகிறேன். கிழக்கேகோட்டை வாசலில் நின்று பார்த்தால் ஒரு பக்கம் பத்மநாபசுவாமி கோயில், இன்னொரு பக்கம் சாலைக் கடைத்தெரு. மார்த்தாண்டவர்மாவின் அவையிலும் அவருக்குப் பின் கார்த்திகைத் திருநாளின் அவையிலும் இருந்தவர் குஞ்சன் நம்பியார். அரண்மனைச் சாப்பாட்டிலிருந்து அதிகாரிகளின் லஞ்சம் வரை எதையும் விடாமல் துள்ளலில் கிண்டலடித்தவர் அவர். பத்மதீர்த்தக் குளத்துக்கு எதிரே இருக்கும் மேத்தன் மணியில், மணி அடிக்கும்போது தாடிக்காரர் வாயைத் திறப்பார், இரண்டு ஆட்டுக்கடாக்கள் அவர் கன்னத்தில் முட்டும். மணி பார்க்க வருகிறவன்கூடச் சிரித்துவிட்டுப் போகட்டும் என்று நினைத்த ஊர் இது. பிறகு தமிழ் இசை நாடகக் குழுக்கள் வந்தன. டி.கே.எஸ். சகோதரர்களில் அவ்வை சண்முகம் 1912-இல் பிறந்ததே திருவனந்தபுரத்தில்தான். அவர்கள் குழுவில் வளர்ந்த என்.எஸ். கிருஷ்ணன், அன்று திருவிதாங்கூரில் இருந்த நாகர்கோவில் ஒழுகினசேரிக்காரர். அந்தப் பக்கம் சி.வி. ராமன் பிள்ளை மேல்நாட்டு மோகத்தையும் போலிப் பெருமையையும் கிண்டல் செய்து பிரகசனங்கள் எழுதினார். அவர் மருமகன் இ.வி. கிருஷ்ண பிள்ளை அதைக் கையில் எடுத்தார். இ.வி.யின் மகன்தான் அடூர் பாஸி.

இந்த வரிசையில் ஒரு பொதுப் பண்பு உண்டு என்று எட்டு இதழ்களாகச் சொல்லி வருகிறேன். இங்கே கோமாளி தன்னைக் கோமாளி என்று அறிவித்துக்கொண்டு வருவதில்லை. பெரிய மனிதராகத்தான் வருவார். குமாஸ்தா திவான்போல நடப்பார், கடன்காரர் பிரபுபோலப் பேசுவார். தன் கௌரவத்தை அவர் உயிராய் நம்புகிறார், அந்த நம்பிக்கையே நம்மைச் சிரிக்க வைக்கிறது. ஜகதி ஸ்ரீகுமாரிடம் வரும்போது இந்தப் பண்பு உச்சத்துக்குப் போகிறது.

அவர் பிறந்தது 1951 ஜனவரி 5. ஜகதி என்பது கிழக்கேகோட்டையிலிருந்து வடகிழக்கே சற்றுத் தள்ளி, இன்று நகரின் நடுவிலேயே கலந்துவிட்ட பகுதி. தந்தை ஜகதி என்.கே. ஆச்சாரி நாடகாசிரியர், திரைக்கதாசிரியர், வானொலிக்காரர். திருவிதாங்கூர் அரசு 1943-இல் தொடங்கிய வானொலி நிலையம் 1950 ஏப்ரலில் ஆகாசவாணியின் கைக்குப் போனது. அடுத்து வந்த இருபது முப்பது ஆண்டுகள் இந்த நகரத்தின் நடிப்புப் பள்ளிக்கூடம் அந்த நிலையம்தான். முகம் தெரியாது, உடுப்பு தெரியாது. ஒரு ஆள் யார், எந்த ஊர், எவ்வளவு படித்தவன், இப்போது பொய் சொல்கிறானா என்பதையெல்லாம் குரலாலேயே சொல்லியாக வேண்டும். அந்த வேலையைத் தொழிலாகச் செய்த தந்தையின் வீட்டில் வளர்ந்த பையன் ஸ்ரீகுமார். பின்னாளில் அவர் ஒரே சொல்லை மூன்று விதமாக இழுத்து மூன்று பொருள் கொண்டுவந்தபோது பலர் அதைப் பிறவி வரம் என்றார்கள். பிறவியில் வந்தது கொஞ்சம் இருக்கலாம். மீதியெல்லாம் அந்த வீட்டில் கேட்டுக் கேட்டு வந்தது என்றே நினைக்கிறேன்.

வீட்டில் இருந்த இன்னொரு பள்ளிக்கூடம் கலாநிலையம். கலாநிலையம் கிருஷ்ணன் நாயர் 1963-இல் தொடங்கிய அந்த 'ஸ்திரம் நாடகவேதி'யில் ஆச்சாரியும் முக்கியப் பங்காளி. ஊர் ஊராகப் போய் ஒரு இரவு ஆடிவிட்டு மூட்டை கட்டும் குழு அல்ல அது. மைதானத்தில் பெரிய கொட்டகை போட்டு, மாதக்கணக்கில் அங்கேயே இருந்து, நாள்தோறும் ஆடுவார்கள். 'கடமற்றத்து கத்தனார்', 'ரக்தரக்ஷஸ்' போன்ற நாடகங்களில் பேய் பறக்கும், அரண்மனை கண்ணெதிரே மாறும். ஆர்.எஸ். மனோகரின் நாடகங்களில் காட்சி ஜாலங்களைக் கண்டு வாய்பிளந்த தமிழ் வாசகர்களுக்கு இதை அதிகம் விளக்க வேண்டியதில்லை.

அப்படிப்பட்ட மேடையில் நடிகனுக்கு ஒரு சங்கடம் உண்டு. பின்னால் இவ்வளவு வித்தை நடக்கும்போது முன்னால் நிற்கும் ஆளை யார் பார்ப்பார்கள்? கடைசி வரிசைக்காரன் வரை தன்னைப் பார்க்க வைக்க, உடம்பு முழுவதையும் சொல்பேச்சு கேட்க வைக்க வேண்டும். மேடையேறிப் பழகிய ஸ்ரீகுமாரின் உடம்பு அதைக் கற்றுக்கொண்டது. திரையில் அவர் ஓடுவதைப் பாருங்கள். பயந்து ஓடுகிறவன் ஒரு மாதிரி ஓடுவான். பயந்தது வெளியே தெரியக் கூடாது என்று ஓடுகிறவன் வேறு மாதிரி ஓடுவான். இரண்டையும் அவர் பிரித்துக் காட்டுவார்.

மார் இவானியோஸ் கல்லூரியில் தாவரவியல் பட்டம். பிறகு சென்னையில் கொஞ்ச காலம் மருந்து விற்பனைப் பிரதிநிதி வேலை. மலையாளச் சினிமா அப்போது பெரும்பாலும் கோடம்பாக்கத்தில்தான் குடியிருந்தது. திருவனந்தபுரத்தில் மெரிலாண்ட் ஸ்டூடியோ இருந்தது உண்மை. நேமத்தில் அதை நடத்தியவர் நாகர்கோவிலில் பிறந்த பி. சுப்பிரமணியம், கிழக்கேகோட்டை ஸ்ரீபத்மநாபா தியேட்டரும் அவருடையது. ஆனாலும் வாய்ப்புத் தேடுகிறவன் சென்னைக்குத்தான் ரயில் ஏறினான். குழந்தையாக 'அச்சனும் மகனும்' படத்தில் முகம் காட்டியிருந்த ஸ்ரீகுமார், 1974-இல் கே.எஸ். சேதுமாதவனின் 'கன்னியாகுமரி'யில் ஒரு சிறு வேடத்தில் வந்தார். கமல்ஹாசன் மலையாளத்தில் நாயகனாக அறிமுகமான படம் அது. அடுத்த ஆண்டு 'சட்டம்பிக் கல்யாணி'. அதன்பின் சோடாப் புட்டி மூடி அளவுகூட இல்லாத சின்னச் சின்ன வேடங்களில் பல ஆண்டுகள் ஓட்டினார். அந்தக் காலத்தை நான் வேகமாகக் கடக்கிறேன், ஏனென்றால் வேடங்களும் அவரைக் கடந்தே போயின.

எண்பதுகளில் குதிரவட்டம் பப்பு, மாள அரவிந்தன், ஜகதி என்று மூவரையும் சேர்த்தே சொன்னார்கள். போஸ்டரில் இந்த மூன்று முகமும் இருந்தால் விநியோகஸ்தர் நிம்மதியாகத் தூங்கினார். இதில் ஒன்றைக் கவனிக்க வேண்டும். பப்பு வாயைத் திறந்தால் கோழிக்கோடு வரும். மாமுக்கோயாவும் அப்படியே. இன்னசென்ட் பேசினால் இரிஞ்ஞாலக்குடா வரும். அவர்கள் மேதைகள், அந்த ஊர் வாசனை அவர்களோடு பிறந்த சொத்து. ஜகதியோ தன் பெயரிலேயே ஊரைச் சுமந்துகொண்டு, பேச்சில் அதை வேண்டும்போது மட்டும் எடுத்தார். வேண்டாதபோது மடித்து வைத்தார். வள்ளுவநாட்டுக் காரணவராகவும் மத்திய திருவிதாங்கூர் வட்டிக்காரராகவும் ஊட்டியில் அலையும் புகைப்படக்காரராகவும் அவரால் மாற முடிந்தது இதனால்தான். ஆயிரத்துக்கும் மேற்பட்ட படங்கள் என்று கணக்குச் சொல்கிறார்கள். எண்ணிக்கை எனக்கு வியப்பில்லை. அத்தனை படத்திலும் ஆட்கள் வேறு வேறாக இருந்தார்கள் என்பதுதான் வியப்பு.

1991-இல் 'கிலுக்கம்' வந்தது. பிரியதர்ஷன் இயக்கம், வேணு நாகவள்ளி எழுத்து, கதை நடப்பது நம் ஊட்டியில். மோகன்லால் சுற்றுலா வழிகாட்டி ஜோஜி. ஜகதி புகைப்படக்காரர் நிஸ்சல். சுற்றுலாப் பயணிகளின் பையில் இருக்கும் காசை நம்பிப் பிழைக்கும் இரண்டு பேர். ஒருவரை ஒருவர் ஏமாற்றிக்கொண்டு, ஒருவரை விட்டு ஒருவர் இருக்கவும் முடியாமல் திரிகிறார்கள். கதையில் வரும் அடி உதை எல்லாம் ஏனோ நிஸ்சல் தலையில்தான் விடிகிறது. உடம்பு முழுக்கக் கட்டுப்போட்டு மருத்துவமனையில் கிடக்கும் காட்சியை மலையாளிகள் இன்றும் மனப்பாடமாகச் சொல்வார்கள்.

அந்தக் காட்சியில் அவரிடம் என்ன மிச்சமிருக்கிறது? கை அசையாது, கால் அசையாது. மேடை தந்த உடம்பு வித்தை அத்தனையும் பறிபோய்விட்டது. இருப்பது கண்ணும் குரலும்தான். வானொலிக்காரர் மகன் இங்கே வெளியே வருகிறார். வலி இருக்கிறது, கோபம் இருக்கிறது, நண்பனைக் கொல்ல வேண்டும் என்ற வெறி இருக்கிறது. அதற்கும் மேலே, 'நான் யார் தெரியுமா' என்ற மிடுக்கு அந்தக் கட்டுக்குள்ளிருந்தும் இறங்கவில்லை. இந்த மிடுக்கு ஒன்று குறைந்திருந்தால் நமக்குப் பரிதாபம் வந்திருக்கும், சிரிப்பு வந்திருக்காது. அந்த ஆண்டின் கேரள அரசு விருதுகளில் இரண்டாவது சிறந்த நடிகர் விருது 'கிலுக்க'த்துக்கும் 'அபூர்வம் சிலர்' படத்துக்குமாக அவருக்குக் கிடைத்தது. சிரிக்க வைத்ததற்காகவே ஒரு நடிகருக்கு நடிப்பு விருது தருவது அபூர்வம். அந்தத் தேர்வுக் குழுவை நோக்கி இத்தனை ஆண்டு கழித்தும் கைகூப்பத் தோன்றுகிறது.

அடுத்த ஆண்டு 'யோதா'. சங்கீத் சிவன் இயக்கம், இசை ஏ.ஆர். ரஹ்மான். 'ரோஜா'வுக்கு அடுத்து ரஹ்மான் இசையில் வந்த படம். ஜகதிக்கு அரசுமூட்டில் அப்புக்குட்டன் என்ற வேடம். மோகன்லாலின் அசோகனோடு அப்புக்குட்டனுக்குப் போட்டி. பாட்டுப் போட்டியானாலும் சரி, ஊரில் வேறு எதுவானாலும் சரி, அப்புக்குட்டன் தோற்பார். தோற்றவுடன் அடுத்த போட்டிக்குத் தயாராவார். கதை நேபாளத்துக்குப் போகும்போது போட்டியும் கூடவே போகிறது.

என் மனதில் ஜகதியின் உச்சம் அப்புக்குட்டன்தான். காரணம் சொல்கிறேன். படத்தின் நாயகன் அசோகன் என்பது நமக்குத் தெரியும், இயக்குநருக்குத் தெரியும், போஸ்டர் ஒட்டியவருக்கும் தெரியும். அப்புக்குட்டனுக்கு மட்டும் தெரியாது. அவரைப் பொறுத்தவரை இது அப்புக்குட்டனின் படம். அசோகன் நடுவில் வந்து தொந்தரவு செய்யும் ஒரு உறவுக்காரன். ஒவ்வொரு காட்சியிலும் ஜகதி நாயகன்போலத்தான் நடந்து வருகிறார். தோள் நிமிர்ந்திருக்கிறது, பார்வையில் வெற்றி நிச்சயம். நம் 'திருவிளையாடல்' தருமியை நினைத்துப் பாருங்கள். ஆயிரம் பொற்காசு தருமிக்கு விளையாட்டே இல்லை, வயிற்றுப்பாடு. அவர் படும் தவிப்பு உண்மையானது, அதனால்தான் ஐம்பது அறுபது ஆண்டுகளாக நாம் சிரிக்கிறோம். நாகேஷும் ஜகதியும் இந்த ஓர் இடத்தில் ஒரே குருகுலம். தான் வேடிக்கையான ஆள் என்பதை அவர்கள் ஏற்ற மனிதர்கள் ஒருபோதும் அறிய மாட்டார்கள்.

கவனமாகப் பார்த்தால், அப்புக்குட்டனை இன்றைய அப்புக்குட்டன் ஆக்கியதில் திரையரங்கை விடத் தொலைக்காட்சிக்குப் பங்கு அதிகம். திருவனந்தபுரம் தூர்தர்ஷன் 1985 ஜனவரி 1-இல் மலையாள ஒளிபரப்பைத் தொடங்கியது. குடப்பனக்குன்றில் நிலையம். ஞாயிற்றுக்கிழமை மாலையில் மலையாளப் படம் வரும். டிவி இருக்கும் வீட்டுத் திண்ணையில் தெருவே கூடும். இந்தப் பக்கம் குழித்துறை, மார்த்தாண்டம் வரை ஆன்டெனாவைத் திருப்பி வைத்துத் தமிழ்க் குடும்பங்களும் அதே படத்தைப் பார்த்தன. 1993-இல் ஏஷியாநெட் வந்தது. மலையாளத்தின் முதல் தனியார் சேனல், அதுவும் திருவனந்தபுரத்திலிருந்தே. பிறகு சூர்யா, கைரளி என்று வரிசையாக வந்தன. நாள் முழுவதும் ஓட வேண்டிய சேனல்களுக்குப் பண்டம் போதவில்லை. பழைய படங்களிலிருந்து நகைச்சுவைக் காட்சிகளை வெட்டி எடுத்து அரைமணி நேர நிகழ்ச்சியாகக் கோத்தார்கள். தமிழில் ஆதித்யா, சிரிப்பொலி சேனல்கள் செய்ததை எண்ணிக்கொள்ளலாம்.

இந்த வெட்டுக்கு எல்லா நடிகரும் தாக்குப்பிடிப்பதில்லை. கதையின் முன்பின் தெரியாமல் பார்த்தால் பல நகைச்சுவைக் காட்சிகள் உயிரிழந்துவிடும். வசனத்தை மட்டும் நம்பியவர்கள் மூன்றாம் முறையில் சலிப்பார்கள். ஜகதியின் காட்சிகள் மட்டும் முப்பதாவது முறையும் நின்றன. காரணம் எளிது: அவர் சட்டகத்துக்குள் கால் வைக்கும்போதே ஒரு முழு மனிதர் வந்துவிடுகிறார். அவருக்குக் கடன் இருக்கிறது, மனைவியிடம் பயம் இருக்கிறது, பக்கத்து வீட்டுக்காரன்மேல் பொறாமை இருக்கிறது. முன்கதை அவர் முகத்திலேயே எழுதியிருப்பதால் படத்தின் முன்கதை தேவைப்படுவதில்லை. சின்னத்திரை முகத்தை அருகே கொண்டுவரும் கருவி. ஜகதியிடம் அதற்குக் காட்ட நிறைய இருந்தது. மாலையில் காப்பி குடிக்கும்போது, இரவுச் சாப்பாட்டின்போது என்று வீட்டில் ஓர் ஆளாகவே அவர் ஆகிவிட்டார். திரையரங்குக்குப் போகாத பாட்டிமார்கூட அவரை 'நம்ம ஜகதி' என்றார்கள்.

2002-இல் இரண்டு படங்கள். லால் ஜோஸின் 'மீச மாதவன்'. மாதவன் யாரைப் பார்த்து மீசையை முறுக்குகிறானோ அவர் வீட்டில் அன்றிரவு திருட்டு நடக்கும். அவனோடு மல்லுக்கு நிற்கும் பகீரதன் பிள்ளையாக ஜகதி. அதே ஆண்டு ரஞ்சித்தின் 'நந்தன'த்தில் ஒரே நேரத்தில் இரண்டு இடங்களில் காட்சி தரும் கும்பிடி என்ற போலிச் சாமியார். இரண்டுமே இன்றும் கேரளத்துத் தெருப்பேச்சில் உவமையாக வாழ்கின்றன. ஊரில் யாராவது ஒருவர் ஒரே நாளில் இரண்டு கல்யாண வீட்டில் தென்பட்டால் கும்பிடி என்று பெயர் விழுந்துவிடும்.

2005-இல் வந்த 'உதயனாணு தாரம்' இந்தத் தொடருக்கு நேரடியாக வேண்டியது. அதில் அவர் பெயர் பச்சாளம் பாஸி. நடிப்பே வராத சரோஜ்குமாருக்கு நவரசம் சொல்லிக் கொடுப்பார். ஒன்பதையும் நடித்துக் காட்டிவிட்டு, தன் சொந்தக் கண்டுபிடிப்பாகக் கூடுதல் ரசங்களையும் சேர்ப்பார். கிழக்கேகோட்டைக்குள் கார்த்திகைத் திருநாள் தியேட்டரில் கதகளி பார்த்து வளர்ந்த நகரத்தின் நடிகர் இதைச் செய்கிறார் என்பதை மறக்கக் கூடாது. சாஸ்திரத்தை முறையாக அறிந்தவர்தான் அதைச் சரியான இடத்தில் கோணலாக்க முடியும். முதல் ஒன்பதில் அவர் முகத்தைப் பாருங்கள், விளையாட்டே கிடையாது. (தமிழில் இந்தப் படம் 'வெள்ளித்திரை' ஆனது.)

அழ வைக்கும் வேடங்களும் அவருக்கு வந்தன. அடூர் கோபாலகிருஷ்ணனின் 'நிழல்குத்து', பி.டி. குஞ்ஞுமுகம்மதுவின் 'பரதேசி' என்று அந்தப் பட்டியல் போகும். சந்தோஷ் சிவனின் 'உறுமி'யில் சேனிச்சேரி குறுப்பு என்ற சதிகாரனாக வந்து குலைநடுங்க வைத்தார். தமிழிலும் வெளிவந்த படம் என்பதால் வாசகர்கள் பலர் பார்த்திருப்பீர்கள். 2002, 2007, 2009, 2011 என்று கேரள அரசு விருதுகள் தொடர்ந்தன. தேசிய விருது வரவே இல்லை. இதில் எனக்கு ஆற்றாமை உண்டு, மறைக்கவில்லை. சிரிப்பு நடிகரைத் தேசிய அளவில் ஏறெடுத்துப் பார்க்க, அவர் முதலில் சிரிப்பை விட்டுவர வேண்டும் என்பது எழுதாத சட்டம்போல் இருக்கிறது. 'சின்ன பாப்பா பெரிய பாப்பா' தொடரின் பட்டாபியாகத் தமிழ் வீடுகளில் நுழைந்த எம்.எஸ். பாஸ்கருக்குத் தேசிய விருது வந்தது 'பார்க்கிங்' படத்துக்காக. அவர் தகுதிக்கு அது குறைவில்லை. ஆனால் பட்டாபிக்கே கொடுத்திருக்க வேண்டும் என்று நினைப்பவன் நான். அந்த விருதை அவரோடு பகிர்ந்துகொண்டவர் விஜயராகவன், மலையாள நாடகாசிரியர் என்.என். பிள்ளையின் மகன். நாடக வீடுகள் எவ்வளவு தொலைவுக்கு நடிகர்களைக் கொடுக்கின்றன பாருங்கள்.

ஜகதி இரண்டு படங்களை இயக்கியும் இருக்கிறார்: 1989-இல் 'அன்னக்குட்டி கோடம்பாக்கம் விளிக்குன்னு', 1998-இல் 'கல்யாண உண்ணிகள்'. அவை அவர் பெயரை உயர்த்தவில்லை. ஒரே நாளில் இரண்டு மூன்று படப்பிடிப்புக்கு ஓடிக்கொண்டிருந்த மனிதருக்கு, ஒரே இடத்தில் உட்கார்ந்து ஒரு படத்தைச் செதுக்கும் வேலை பொருந்தவில்லை என்றே தோன்றுகிறது.

அந்த ஓட்டத்தின் நடுவில்தான் அது நடந்தது. 2012 மார்ச் 10 விடியற்காலை. லெனின் ராஜேந்திரனின் 'இடவப்பாதி' படப்பிடிப்புக்காகக் குடகுக்குக் காரில் போய்க்கொண்டிருந்தார். மலப்புறம் மாவட்டம் தேஞ்ஞிப்பாலம் அருகே பாணம்பிரா வளைவில் கார் சாலை நடுவிலிருந்த தடுப்பில் மோதியது. கோழிக்கோட்டில் அறுவை சிகிச்சைகள், அதன்பின் வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரியில் ஏறத்தாழ ஓராண்டு. உயிர் திரும்பியது. பேச்சும் நடையும் திரும்பவில்லை. குரலையும் உடம்பையும் கருவியாக வைத்து நாற்பதாண்டு உழைத்தவரிடமிருந்து அந்த இரண்டுமே போயின.

அப்போது அவர் கையில் பல படங்கள் பாதியில் இருந்தன. சில இடங்களில் வேடத்தை நீக்கினார்கள், சில இடங்களில் எழுதியதை மாற்றினார்கள். மலையாளச் சினிமாவே அந்தச் சமயத்தில் உருமாறிக்கொண்டிருந்தது. 2011-இல் 'டிராஃபிக்', 'சால்ட் அண்ட் பெப்பர்' போன்ற படங்கள் வந்துவிட்டன. நாயகனுக்குத் துணையாக நகைச்சுவை நடிகர் ஒருவர், அவருக்கெனத் தனிக் காட்சிகள் என்ற பழைய அமைப்பு கரையத் தொடங்கியிருந்தது. சிரிப்பை எல்லாப் பாத்திரங்களும் பங்கிட்டுக்கொண்டன. ஜகதி தொடர்ந்து நடித்திருந்தால் அந்தப் புதிய படங்களில் என்ன ஆகியிருப்பார் என்று மலையாள ரசிகர்கள் பேசாத நாளில்லை. என் எண்ணம் இது: அந்தப் படங்கள் தேடியதே இயல்பான, தன்னை வேடிக்கையாக நினைக்காத மனிதர்களைத்தான். அப்படிப்பட்டவர்களை எழுபதுகளிலிருந்தே செய்து வந்தவருக்கு அங்கே பெரிய இடம் காத்திருந்தது. பப்பு 2000-இல் போனார், ஒடுவில் உண்ணிகிருஷ்ணன் 2006-இல், கொச்சின் ஹனீபா 2010-இல், மாள அரவிந்தன் 2015-இல். 2023-இல் ஒரு மாத இடைவெளியில் இன்னசென்டும் மாமுக்கோயாவும். ஒரு தலைமுறை முழுவதும் நம் கண்ணெதிரே கலைந்தது.

ஜகதியின் விஷயத்தில் தொலைக்காட்சி இன்னொரு விந்தையையும் செய்தது. விபத்துக்குப் பிறகு பிறந்த குழந்தைகள் இப்போது பள்ளியில் படிக்கிறார்கள். அவருடைய புதுப் படம் ஒன்றைக்கூட அவர்கள் திரையரங்கில் பார்த்து வளரவில்லை. அவர்களுக்கு அப்புக்குட்டனைத் தெரியும், நிஸ்சலைத் தெரியும், கும்பிடியைத் தெரியும். டிவியில் பார்த்தார்கள், பிறகு கைப்பேசியில் பார்த்தார்கள். கேலிச் சித்திரம் எதற்கு வேண்டுமானாலும் பொருந்தும் ஒரு முகபாவம் ஜகதியின் ஏதோ ஒரு படத்தில் இருந்தே தீரும். மேடைக் கலைஞர்கள் பலருக்கும் கிடைக்காத பாக்கியம் இது. ஒழுகினசேரி மேடைகளில் இளம் வயது என்.எஸ்.கே. எப்படி நின்றார் என்று காட்ட நம்மிடம் ஒரு துண்டுப் படச்சுருள் கிடையாது.

2022 மே 1-இல் 'சிபிஐ 5' வெளிவந்தது. கே. மது இயக்கம், எஸ்.என். சுவாமி எழுத்து. 1988-இல் தொடங்கிய வரிசை அது. மம்மூட்டியின் சேதுராம ஐயருக்கு உதவியாளராக விக்ரம் என்ற அதிகாரி வேடத்தில் முதல் படத்திலிருந்தே ஜகதி உண்டு. விக்ரம் இல்லாமல் எடுத்துவிட்டுப் போயிருக்கலாம், யாரும் குறைசொல்லியிருக்க மாட்டார்கள். அவரைச் சேர்த்தே ஆக வேண்டும் என்று படக்குழு நின்றது. சக்கர நாற்காலியில், பேச்சில்லாத விக்ரமாக அவர் வந்தார். மகன் ராஜ்குமார் விக்ரமின் மகனாகவே நடித்தார். சில நிமிடக் காட்சிதான். திரையரங்குகளில் அவர் முகம் தெரிந்ததும் எழுந்த கைதட்டல் பெரிது. அந்தக் கைதட்டலை வெறும் அனுதாபம் என்று எழுதியவர்களோடு நான் உடன்பட மாட்டேன். வழக்கின் முடிச்சுக்கு உதவும் காட்சி அது, விக்ரம் தன் வேலையைச் செய்கிறார். கண்ணைக் கவனியுங்கள்: சேதுராம ஐயர் சொல்வதைக் கேட்டுக்கொண்டிருக்கும் ஓர் அதிகாரியின் கண் அது. அந்த நிலையிலும் அவர் பாத்திரத்தை விட்டு வெளியே வரவில்லை.

2005-க்குத் திரும்ப வேண்டும், அடுத்த கதை அங்கேதான் தொடங்குகிறது. ஜகதி மடித்து வைத்துக்கொண்டே இருந்த அந்தத் திருவனந்தபுரத்துப் பேச்சை, வெஞ்ஞாறமூட்டிலிருந்து வந்த ஒரு மிமிக்ரி கலைஞர் டிவி மேடைகளில் விரித்துப் போட்டு ஆடினார். தென் திருவிதாங்கூரின் தமிழ் கலந்த அந்தக் கொச்சையைக் கேட்டு வடக்கே இருப்பவர்கள் அதுவரை ஏளனம்தான் செய்துவந்தார்கள். அந்த ஆண்டு 'ராஜமாணிக்யம்' படத்துக்காக மம்மூட்டிக்கே அதைச் சொல்லிக்கொடுக்க அவரைக் கூப்பிட்டார்கள். சுராஜ் வெஞ்ஞாறமூடு எப்படிச் சிரிப்பு மேடையிலிருந்து 'பேரறியாத்தவர்' படத்தின் தேசிய விருது வரை போனார் என்பதை அடுத்த இதழில் பார்ப்போம்.

(தொடரும்)